போர்வைக்குள் வைத்த பை

மாதத்தின் முதல் வெள்ளிக்கிழமைகளில் சுவாமியார் எங்கள் வீட்டுக்கு நற்கருணை கொண்டு வருவார். அவர் வருவதற்கு முன்னால் நான் ஒளித்துச் செய்துவந்த ஒரு வேலையைப் பற்றித்தான் எழுதப் போகிறேன். எழுதுவதற்கே கூச்சமாக இருக்கிறது. ஆனால் நாலு பேருக்கு முன்னால் வாயால் சொல்லிவிட்ட பிறகு எழுதுவதற்கு என்ன வெட்கம்.

என் கணவருக்குச் சலம், அதாவது சிறுநீர், போவதற்குக் குழாய் போட்டிருக்கிறது. குழாயின் மறுமுனையில் ஒரு பிளாஸ்டிக் பை. கட்டிலின் இடதுபக்கச் சட்டத்தில் ஒரு கொளுக்கியில் அந்தப் பை தொங்கும். சலம் தானாக அதற்குள் இறங்கும். காலையும் மத்தியானமும் பின்னேரமும் அடியில் உள்ள மூடியைத் திறந்து நான்தான் வாளியில் ஊற்றிக் கொண்டுபோய்க் கொட்டுவேன்.

இவர் துறைமுகத்தில் வேலை செய்தவர். கப்பலின் மேல்தட்டில் நின்று கீழே கிடங்கைப் பார்த்து, பாரம் தூக்குகிற யந்திரக்காரனுக்குக் கையால் சைகை காட்டுகிற வேலை. உள்ளங்கையைக் கீழே காட்டி அசைத்தால் இறக்கு. மேலே காட்டி அசைத்தால் தூக்கு. விரல்களை மடக்கி முட்டி பிடித்தால் நில். கத்தினாலும் காது கேட்காத இடமாம் அது. அந்தப் பழக்கத்தில் வீட்டிலும் இவருடைய பாதிக் கதை கையால்தான். சோறு போதும் என்றால் முட்டி பிடிப்பார். மகள் சின்ன வயதில் சத்தமாக அழுதால் உள்ளங்கையைக் கீழே காட்டுவார், அவளும் அழுகையைக் கொஞ்சம் இறக்குவாள். கொட்டாஞ்சேனையில் ஒரு ஒடுங்கிய ஒழுங்கையில் வாடகை வீடு. கலியாணம் கட்டி வந்த நாளிலிருந்து அங்கேதான் இருந்தோம். செவ்வாய்க்கிழமைகளில் கொச்சிக்கடைக் கோயிலுக்கு நடந்தே போவோம்.

அப்படி ஒரு செவ்வாய்க்கிழமைதான் இவருக்குச் சலம் அடைத்தது. கோயிலால் வரும்போது வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஒரு கடைப் படியில் உட்கார்ந்துவிட்டார். ஆஸ்பத்திரியில் குழாய் போட்டார்கள். வயது போன ஆண்களுக்கு வீங்குகிற ஒரு சுரப்பி வழியை அடைத்துவிட்டது என்றும், இவருடைய இருதயம் இருக்கிற நிலைமையில் மயக்கி வெட்ட ஏலாது என்றும் டாக்குத்தர் சொன்னார். ஆகவே குழாய் இருக்கும். மாதம் ஒருமுறை மாற்ற வேண்டும். கொட்டாஞ்சேனை வீட்டில் கழிவறை பின்வளவில் இருந்தது. மகள் எங்களை வெள்ளவத்தைக்குத் தன்னுடைய ஃபிளாட்டுக்குக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டாள். நாலாம் மாடி. எங்கள் அறை யன்னலால் பார்த்தால் இரண்டு கட்டிடங்களுக்கு நடுவில் ஒரு சேலை அகலத்துக்குக் கடல் தெரியும்.

இவருக்கு அந்தப் பையில் வெட்கமே இல்லை. லிஃப்டில் போகும்போது அதைக் கையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு, "நானும் இப்ப ஹான்ட்பாக் இல்லாமல் வெளியில போறேல்ல" என்று பக்கத்து ஃபிளாட் ஆட்களுக்குச் சொல்லுவார். அவர்கள் சிரிப்பார்கள். நான் லிஃப்டின் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பேன்.

"உமக்கு ஏன் முகம் சிவக்குது? பை எனக்கெல்லோ" என்பார்.

ஆஸ்பத்திரியிலிருந்து விடும்போது ஒரு தாள் தந்தார்கள். மூன்று பாஷையிலும் எழுதியிருந்தது, தமிழும் இருந்தது. ஆனால் மேலே ஒரு படம். ஒரு ஆம்பிளையின் உடம்பு, உடுப்பில்லாமல், குழாய் போகிற வழியைக் கோடு போட்டுக் காட்டியிருந்தார்கள். பக்கத்தில் மருமகன் நின்றார். நான் தாளை நாலாக மடித்துக் கைக்குள் வைத்துக்கொண்டேன். வீட்டுக்கு வந்ததும் அலுமாரியில் சேலைகளுக்கு அடியில் வைத்தேன். நான் அஞ்சாம் வகுப்போடு நின்றவள். எழுத்துக் கூட்டி வாசித்து முடிக்க எனக்கு நேரம் எடுக்கும். அவ்வளவு நேரம் அந்தப் படத்தை முன்னால் வைத்திருக்க எனக்கு மனம் வரவில்லை.

செய்ய வேண்டியதை அங்கிருந்த தாதி கையால் காட்டித் தந்துதான் இருந்தா. முதலில் கையைக் கழுவு, மூடியை எங்கும் முட்ட விடாதே, பை முக்கால்வாசி வந்ததும் ஊற்று, கொளுக்கியில் கொளுவு. எல்லாம் அப்படியே செய்தேன். ஏன் கொளுவ வேண்டும் என்று மட்டும் கேட்கவில்லை. கட்டிலில் இடத்தைப் பிடிக்காமல் இருக்கத்தான் என்று நினைத்துக்கொண்டேன்.

இவருக்குக் கோயிலுக்குப் போக முடியாமல் போனதும், மகள் பங்குக் கோயிலில் பெயர் கொடுத்தாள். முதல் வெள்ளியில் நோயாளிகளின் வீடுகளுக்கு நன்மை, அதாவது நற்கருணை, கொண்டு வருகிற வழக்கம் எல்லாப் பங்கிலும் உண்டு. அந்த நாளுக்கு நான் வியாழக்கிழமையே ஆயத்தம் தொடங்கிவிடுவேன். கட்டிலுக்குப் பக்கத்தில் சின்ன மேசை, அதில் வெள்ளை விரிப்பு, சிலுவையில் பாடுபட்ட சுரூபம், இரண்டு மெழுகுதிரி, சுவாமியார் விரல் நனைக்க ஒரு சின்னக் கிண்ணத்தில் தண்ணீர். கட்டிலுக்கும் புது வெள்ளைப் போர்வை. எல்லாம் வைத்துவிட்டுக் கதவடியில் நின்று பார்த்தால், முதலில் கண்ணில் படுவது அந்தப் பைதான். அரைவாசி மஞ்சளாக. சுவாமியார் உட்காருகிற கதிரைக்கு நேரே.

ஆண்டவரைக் கொண்டு வருகிற இடத்தில் இப்படி ஒன்று தொங்குவதா என்று எனக்கு நெஞ்சு பதைத்தது. பையை ஊற்றி வெறுமையாக்கி, கழற்றி, போர்வைக்குள் இவருடைய தொடைக்கு மேல் ஒரு சின்னத் தலையணை வைத்து, அதன்மேல் வைத்து மூடிவிட்டேன். வெளியில் ஒன்றும் தெரியவில்லை. இவர் எதற்கும் ஒத்துக்கொள்வார்.

"என்ன, எனக்குக் கர்ப்பமே?" என்றார்.

"வாயை மூடிக்கொண்டு படுங்கோ. சுவாமி வரப்போறார்."

இன்னொன்றும் செய்தேன். சின்ன வயதில் எங்களுக்குப் படிப்பித்தது, நன்மை எடுக்கிற நாளில் விடிந்தால் ஒரு சொட்டுத் தண்ணீரும் வாயில் படக்கூடாது என்று. இப்போது அந்தக் கட்டுப்பாடு குறைந்துவிட்டது என்று கேள்விப்பட்டிருந்தேன். ஆனால் கேள்விப்பட்டது வேறு, கை பழகினது வேறு. வியாழன் பின்னேரத்திலிருந்தே இவருக்குத் தண்ணீரைக் குறைத்தேன். வெள்ளி காலையில் ஒன்றும் கொடுக்கவில்லை. தண்ணீர் குறைந்தால் பையும் நிரம்பாது, போர்வை உப்பாது என்ற கணக்கும் மனதில் இருந்தது. அதையும் சொல்லத்தான் வேண்டும்.

சுவாமியாருக்கு எத்தனையோ வீடுகள். ஒன்பது மணிக்கும் வருவார், பன்னிரண்டுக்கும் வருவார். நான் எட்டரைக்கே பையை ஏற்றி வைத்துவிட்டு, சேலை மாற்றி, யன்னலடியில் நின்று ஓட்டோ சத்தம் கேட்பேன். இவர் அசையாமல் படுத்திருப்பார். சுவாமியார் வந்து போனபின் இவர் அந்தக் கிண்ணத்துத் தண்ணீரைக் குடிப்பார். அன்றைக்கு இவர் குடிக்கிற முதல் தண்ணீர் அதுதான்.

முதல் மாதம், நன்மை எடுத்து மூன்றாம் நாள், ஞாயிற்றுக்கிழமை காலை. பாணும் சம்பலும் கொண்டு போனேன். இவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"நீர் ஆர்?" என்றார்.

விளையாடுகிறார் என்று நினைத்தேன். பிறகு யன்னல் பக்கம் திரும்பி, அந்தத் துண்டுக் கடலைப் பார்த்து, உள்ளங்கையைக் கீழே காட்டி அசைக்கத் தொடங்கினார். "இறக்கு. இறக்கு. மெல்ல. ஆள் நிக்குது கீழ." யாரும் நிற்கவில்லை. மகள் வந்து கையைப் பிடித்தாள். கையைத் தட்டிவிட்டு மறுபடியும் இறக்கினார். மத்தியானத்துக்குள் நடுக்கம் வந்தது. கட்டில் கிரீச்சிட்டது, மூன்று போர்வை போர்த்தும் நிற்கவில்லை.

ஆஸ்பத்திரியில் பரிசோதித்துவிட்டு, சலத்தில் கிருமி என்றார்கள். இளம் டாக்குத்தர் பெண்பிள்ளை, தமிழ். என்னை ஒரு ஸ்டூலில் இருத்திச் சொன்னா: "அம்மா, வயசான ஆக்களுக்கு இந்தக் கிருமி ரத்தத்தில ஏறினா முதல்ல குழம்புறது தலைதான். காய்ச்சல் பிறகுதான் வரும். மருந்து ஏற ஏறத் தெளிஞ்சிடுவார். பயப்பிடாதேங்கோ."

அப்படியேதான் நடந்தது. நாலாம் நாள் நான் போனபோது, "என்ர கண்ணாடி எங்க? இஞ்ச உள்ளவங்கள் எல்லாம் ஒரே மாதிரி இருக்கிறாங்கள்" என்றார். நான் வெளியில் வந்து சுவரில் சாய்ந்து அழுதேன். சந்தோஷத்தில்தான்.

அடுத்த மாதம் முதல் வெள்ளிக்குச் சுகமாகி வந்ததற்கு நன்றியாக இன்னும் நேரத்தோடு எல்லாம் ஆயத்தம் செய்தேன். பையை எட்டு மணிக்கே ஏற்றினேன். திங்கட்கிழமை மறுபடியும் நடுக்கம்.

இரண்டாம் முறைக்குப் பிறகு மகளும் நானும் பயந்துபோனோம். சலம் கொஞ்சம் கலங்கலாக இருந்தாலே மகள் கீழே பார்மசியில் கிருமி மருந்து வாங்கி வருவாள், இரண்டு மூன்று குளிசை கொடுப்போம், தெளிந்ததும் நிறுத்துவோம். பெரிய கெட்டித்தனம் செய்கிறோம் என்றுதான் இருந்தது. மூன்றாம் முறை ஆஸ்பத்திரிக்குப் போனபோது, முதல் இரண்டு முறையும் கேட்ட மருந்து கேட்கவில்லை. அரைகுறையாகக் குளிசை கொடுத்துக் கிருமியை மருந்துக்குப் பழக்கிவிட்டீர்கள் என்று அதே டாக்குத்தர் பிள்ளை முகம் கறுத்துச் சொன்னா. குழாய் போட்டவர்களின் சலத்தில் எப்போதும் ஏதாவது கிருமி இருக்குமாம். ஆளுக்கு வருத்தம் இல்லாமல், கலங்கலைப் பார்த்து மட்டும் மருந்து கொடுக்கக் கூடாதாம்.

மூன்றாம் முறை நடந்ததை எழுத எனக்குக் கை வரவில்லை, சுருக்கமாக எழுதுகிறேன். சனிக்கிழமை பின்னேரம். இவர் குழாயைப் பிடித்து இழுத்தார். ரத்தம் வந்தது. தடுக்க வந்த மருமகனின் கன்னத்தில் அறைந்தார். மகளைப் பார்த்து, தன் பிள்ளையை, ஒரு தகப்பன் சொல்லக்கூடாத வார்த்தை சொன்னார். ஐம்பது வருஷத்தில் இவர் வாயில் நான் கேட்காத வார்த்தை. மருமகன் நல்ல மனிதர், உடனே ஓட்டோ பிடிக்கக் கீழே இறங்கிப் போனார். மகள் குசினியில் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள். வெளியில் சத்தம் கேட்கக்கூடாது என்று.

இந்த முறை இவர் தெளிந்து வந்தாலும் முழுக்கத் தெளியவில்லை. கதைத்துக்கொண்டிருக்கும்போதே சொல் அறுந்துவிடும். நடக்கும்போது கால் இழுத்தது. கையில் ஸ்பூனைப் பிடித்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருப்பார்.

ஒரு நாள் வேலையால் வந்ததும் மகள் கைப்பையைக்கூட வைக்காமல் என் பக்கத்தில் இருந்தாள்.

"அம்மா, அப்பாக்கு மறதி வருத்தம் தொடங்கீட்டு. நாங்கள்தான் ஒத்துக்கொள்ளாமல் இருக்கிறம்."

"இல்லைப் பிள்ளை, அது கிருமி எண்டு டாக்குத்தர்..."

"கிருமி மாசாமாசம் வந்து போகுது. ஆள் ஒவ்வொருக்காவும் கொஞ்சம் கொஞ்சமாப் போறார். நீங்க பாக்கேல்லையா? உங்களால ஏலாது. என்னாலயும் ஏலாது அம்மா." நிறுத்திவிட்டு, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள். "சிஸ்டர்மார் நடத்துற முதியோர் மடம் ஒண்டு இருக்கு. கதைச்சனான். வாற சனிக்கிழமை ஒரு சிஸ்டர் வந்து அப்பாவைப் பாப்பா. எடுப்பினம் போலதான் இருக்கு."

"நானும் போகலாமோ?"

"அது ஆம்பிளையளுக்கு மட்டும். ஞாயிற்றுக்கிழமையில உங்களைக் கூட்டிக்கொண்டு போறன்."

நான் ஓம் என்றேன். மகளோடு நான் வாதாடினதில்லை. ஆரோடும் வாதாடினதில்லை. அறைக்குப் போய் இவர் பக்கத்தில் இருந்தேன். இவருக்கு ஒன்றும் தெரியாது. தலையணையில் ஒரு நூலைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தார். ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை பார்க்கிற மனிதராக இவர் ஆகப் போகிறார் என்று எனக்குள் ஓடிக்கொண்டே இருந்தது.

குழாய் மாற்றுவதற்கு மாதம் ஒருமுறை பாமன்கடையிலிருந்து ஒரு மிஸ் வருவா. ஓய்வுபெற்ற தாதி, சிங்களம். அவ தமிழும் என் சிங்களமும் சேர்ந்து ஒரு மாதிரி ஒப்பேற்றிக்கொள்வோம். இவரை மாத்தயா என்பா. அந்த வாரம் செவ்வாய்க்கிழமை வந்தா. வேலையை முடித்துக் கையைக் கழுவித் துடைத்துக்கொண்டு நிற்கும்போது, சுவரில் இருந்த கோயில் கலண்டரைப் பார்த்தா. காய்ச்சல் வந்த நாட்களை மகள் சிவப்பால் வட்டம் போட்டிருந்தாள். மிஸ் ஒவ்வொரு ஒற்றையாகப் புரட்டினா. முன்னுக்குப் புரட்டினா, பின்னுக்குப் புரட்டினா.

"அனே அம்மா, இது பாத்ததா? எல்லா மாசமும் ஒரே வாரம்."

நான் கிட்டப் போய்ப் பார்த்தேன்.

"இந்த வெள்ளிக்கிழமைக்கு சின்னக் குருசு போட்டு இருக்கு. அது என்ன?"

"கோயில் நாள் மிஸ்."

"மாத்தயாவ கோயிலுக்கு கூட்டிப் போறதா? வேன்ல? பேக்க மடியில வச்சிக்கிட்டா?"

"இல்லை மிஸ். வீட்டிலதான். ஃபாதர் இஞ்ச வருவார்."

"அப்ப வீட்டுல என்ன செய்றது? வேற மாதிரி ஏதாவது?"

"ஒண்டும் இல்லை மிஸ்."

பொய் சொன்னேன் என்று அப்போது எனக்கே தெரியாது. ஆனால் வாய் அவ்வளவு கெதியாகச் சொன்னதே எனக்குச் சரியாகப் படவில்லை. மிஸ் செருப்பைப் போட்டுக்கொண்டே, "பேக் எப்பவும் கீழ. படுத்தாலும் இருந்தாலும் கீழ. மேல வந்தா போனது எல்லாம் திரும்ப உள்ள வரும்" என்று, தெரிந்த ஒன்றை ஞாபகப்படுத்துகிற மாதிரிச் சொல்லிவிட்டு லிஃப்டுக்குள் போனா.

கதவைப் பூட்டிவிட்டு அலுமாரியைத் திறந்தேன். சேலைகளுக்கு அடியில் அந்தத் தாள் மடித்தபடியே இருந்தது. வீட்டில் எங்கள் இரண்டு பேரையும் தவிர யாரும் இல்லை. அப்படியிருந்தும் படத்தை உள்ளங்கையால் மறைத்துக்கொண்டுதான் வாசித்தேன். ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டினேன். மூன்றாவது வரியிலேயே இருந்தது. பையை எப்போதும் இடுப்புக்குக் கீழே வைத்திருக்கவும். ஒருபோதும் படுக்கையின் மேல் வைக்க வேண்டாம். அதற்குக் கீழே, டாக்டர் வேண்டாம் என்று சொன்னால் தவிர, நன்றாகத் தண்ணீர் குடிக்கக் கொடுக்கவும்.

கையை எடுத்துப் படத்தையும் பார்த்தேன். அதில் ஒரு அசிங்கமும் இல்லை. ஒரு வயது போன மனிதன், பக்கத்தில் ஒரு கட்டில், கட்டிலுக்குக் கீழே பை. பைக்கு ஒரு அம்புக்குறி.

முதல் வெள்ளி எட்டரையிலிருந்து பன்னிரண்டு வரை. மூன்று மாதம். தண்ணீர் இல்லாமல். ஆண்டவருக்கு மரியாதை என்று நினைத்து நான்தான் இவருக்குள் அழுக்கைத் திருப்பி ஊற்றியிருக்கிறேன். மகள் சொன்ன மறதி வருத்தம் என் கையால் வந்தது. அது தெரியாமல் இவரை அனுப்பப் போகிறார்கள், நான் ஓம் என்றும் சொல்லிவிட்டேன்.

அன்றைக்கே மகளிடம் சொல்லியிருக்க வேண்டும். அவள் வந்தாள், உடுப்பு மாற்றினாள், நான் பயிற்றங்காய் வெட்டிக்கொண்டு இருந்தேன். "பிள்ளை" என்றேன். "என்னம்மா?" என்றாள். "உப்பு முடிஞ்சுது" என்றேன். புதன், வியாழன், வெள்ளி எல்லாம் இப்படியே போனது. எங்கே தொடங்குவது என்று எனக்குத் தெரியவில்லை. தொடையைச் சொல்ல வேண்டும், பையைச் சொல்ல வேண்டும், மருமகன் பக்கத்து அறையில் இருப்பார். இன்னொரு பயமும் இருந்தது. அப்பாவை நீங்கள்தான் இப்படி ஆக்கினீர்கள் என்று அவள் சொன்னால், அது உண்மை.

சனிக்கிழமை பத்து மணிக்குச் சிஸ்டர் வந்தா. என் வயதில் பாதி இருக்கும். இவரிடம் பெயர் கேட்டா, ஊர் கேட்டா. இவர் பெயரைச் சொன்னார், ஊருக்குக் கொச்சிக்கடை என்றார், பிறகு பேச்சு அறுந்து யன்னலைப் பார்த்தார். நாங்கள் எல்லாரும் ஹோலில் வந்து இருந்தோம். மகள் மடத்தில் சேர்க்கிற ஃபோர்மை மடியில் வைத்திருந்தாள். மருமகன் பிளேன்ரீக் கோப்பைகளை எடுத்துக் கொடுத்தார்.

"எப்ப தொடங்கினது இந்த மறதி?" என்று சிஸ்டர் கேட்டா.

"மூண்டு நாலு மாசம் இருக்கும் சிஸ்டர்" என்றாள் மகள். "மாசத்துக்கு மாசம் கூடுது."

"அது மறதி இல்லை" என்றேன்.

என் குரல் எனக்கே பழக்கமில்லாத குரலாக இருந்தது. எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள். நான் மேசை விரிப்பைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். முதல் வெள்ளி, வெள்ளைப் போர்வை, தலையணை, பை. எத்தனை மணிக்கு ஏற்றினேன், எத்தனை மணிக்கு இறக்கினேன். தண்ணீர் கொடுக்காதது. மிஸ் கலண்டரைப் பார்த்தது. தாளை வாசிக்காமல் ஒளித்து வைத்தது. ஏன் ஒளித்தேன் என்று மட்டும் முழுதாகச் சொல்லவில்லை. "அதில ஒரு படம் இருந்தது" என்று நிறுத்திவிட்டேன்.

மகள் எழும்பிப் போய்க் கலண்டரைப் பார்த்தாள். திரும்பி வந்து நின்றாள். "அம்மா, அப்பா என்னை அப்பிடிச் சொன்னவர்" என்றாள். "நான் இரவில படுத்தா அதுதான் காதில கேக்குது. உங்களுக்குத் தெரிஞ்சு எத்தினை நாள்?"

"செவ்வாய்க்கிழமையிலயிருந்து."

"இண்டைக்குச் சனிக்கிழமை."

"ஓம் பிள்ளை."

அவள் உட்கார்ந்து ஃபோர்மைத் திரும்ப மடியில் வைத்தாள். திட்டியிருந்தால் எனக்கு இலகுவாக இருந்திருக்கும்.

சிஸ்டர்தான் கதைத்தா. "நோயாளிக்கும் பராமரிக்கிற ஆளுக்கும் நன்மைக்கு முதல் தண்ணி குடிக்க ஒரு தடையும் இல்லை அம்மா. மருந்தும் குடிக்கலாம், சாப்பிடலாம். ஃபாதரிட்ட ஒருக்காக் கேட்டிருக்கலாம்."

"கேக்க வெக்கமா இருந்தது சிஸ்டர்."

"எங்கட இடத்தில இருவது பை தொங்குது. அதுக்கு நடுவிலதான் பூசை." சொல்லிவிட்டு மகளைப் பார்த்தா. "ஃபோர்மை வச்சிருங்கோ. ஒரு மூண்டு மாசம் பாருங்கோ. கிருமி வராமல் விட்டா ஆள் எவ்வளவு தெளியிறார் எண்டு பாத்திட்டு முடிவெடுப்பம். முழுக்கத் தெளிவார் எண்டு நான் சொல்லேல்ல. இந்த வயசில ஒவ்வொருக்காவும் கொஞ்சம் இழப்பினம்."

மருமகன் கோப்பைகளை எடுத்துக்கொண்டு போகும்போது, "மாமி, அந்தத் தாளைத் தாங்கோ" என்றார். நான் கொண்டுவந்து கொடுத்தேன். அவர் அதை விரித்து, படம் வெளியில் தெரிய, குளிர்சாதனப் பெட்டிக் கதவில் ஒட்டிவிட்டார். இப்போதும் அங்கேதான் இருக்கிறது. பால் எடுக்கப் போகும்போதெல்லாம் நான் அந்த மனிதனைப் பார்க்கிறேன்.

பிறகு வந்த முதல் வெள்ளிக்கு மேசை வைத்தேன், விரிப்பு விரித்தேன், திரி ஏற்றினேன். இடையில் எனக்கு மனம் கேளாமல், பழைய தலையணை உறை ஒன்றை வெட்டிப் பைக்கு ஒரு வெள்ளை மேலுறை தைத்து வைத்திருந்தேன். தொங்குகிற இடத்திலேயே போட்டு மூடலாம் என்று. இவர் பார்த்தார்.

"பைக்குப் பாவாடையோ?" என்றார். சொல் நடுவில் அறாமல் முழுதாக வந்தது. நான் சிரித்துவிட்டேன், கனநாளைக்குப் பிறகு. ஆனால் நிறம் மாறுகிறதா என்று அடிக்கடி பார்க்க வேண்டும் என்று மிஸ் சொன்னது ஞாபகம் வந்தது. உறையைக் கழற்றி வைத்துவிட்டேன். காலையில் இரண்டு கோப்பை தண்ணீர் கொடுத்தேன். இரண்டாவதைக் குடிக்கும்போது முட்டி பிடித்தார். "இல்லை, முடியுங்கோ" என்றேன்.

சுவாமியார் பதினொன்றரைக்கு வந்தார். கதிரையை இழுத்துப் போட்டபோது அவருடைய அங்கி பையில் உரசியது. பை கொஞ்சம் ஆடியது. எனக்கு முகம் பற்றியெரிந்தது, குனிந்து முழங்காலில் நின்றேன். அவர் செபத்தைத் தொடங்கிவிட்டார்.

சனிக்கிழமை போனது. ஞாயிறு காலை பாண் கொண்டு போனேன். "நான் ஆர்?" என்று கேட்டேன். "விடியக் காலமை என்ன சோதனை?" என்றார். மகள் கதவடியில் நின்று கேட்டுவிட்டு உள்ளே வராமல் போனாள். அவள் இன்னும் தகப்பனுக்குப் பக்கத்தில் இருப்பதில்லை. ஃபோர்ம் அவளுடைய மேசை லாச்சிக்குள் இருக்கிறது. எனக்கு அது தெரியும், நான் கேட்பதில்லை.

திங்கட்கிழமை மத்தியானம் இவருக்குச் சோறு தீத்திவிட்டு, யன்னலடியில் உட்கார்ந்து உடுப்பு மடித்துக்கொண்டிருந்தேன். திரும்பிப் பார்த்தால், இவர் யன்னல் பக்கம் பார்த்து, உள்ளங்கையைக் கீழே காட்டி, விரல்களை அசைத்துக்கொண்டு இருந்தார். இறக்கு. இறக்கு.

மடித்த சேலையைப் போட்டுவிட்டு ஓடிப்போய்க் கட்டிலில் உட்கார்ந்தேன். நெற்றியைத் தொட்டுப் பார்த்தேன். சூடு இல்லை. பையைப் பார்த்தேன், தெளிவாகத்தான் இருந்தது. ஆனால் காய்ச்சல் பிந்தித்தான் வரும் என்று டாக்குத்தர் பிள்ளை சொன்னாவே. இவர் விடாமல் கையை அசைத்தார்.

"எங்க நிக்கிறியள்?" என்று கேட்டேன். "கப்பலிலயோ?"

இவர் என்னைப் பார்த்தார். கன நேரம் பார்த்தார்.

"கட்டிலில" என்றார். "திரையை இறக்கும். வெயில் கண்ணில குத்துது."

நான் எழும்பிப் போய்த் திரையை இறக்கினேன்.